பதில் வரும்வரை பிணம் எழக் கூடாது

லிஃப்டின் கதவு மூடியதும் தலைக்கு மேலே 'புஸ்' என்று ஒரு சத்தம். மல்லிகை. நிஜ மல்லிகை இல்லை, சுவரில் மாட்டிய டப்பா கொஞ்ச நேரத்துக்கு ஒரு தடவை துப்புகிற மல்லிகை. எனக்குக் குமட்டியது. கூடவே உன் நினைவும் வந்தது. கோபித்துக்கொள்ளாதே. குமட்டும்போது நினைத்துக்கொள்ளும் அளவுக்கு நெருக்கமான தோழி எனக்கு வேறு யார்?

போன வாரம் வரை அந்த மல்லிகைக்கு அடியில் இன்னொரு நாற்றமும் இருந்தது. எங்கள் வளாகத்தின் மலத்தொட்டி அடைத்துக்கொண்டது. மராட்டி ஊரின் இந்த வாகட் பகுதியில் நாங்கள் வாழ்கிற சீர் உனக்குத் தெரியும். நீச்சல்குளம் உண்டு, ஓடுகிற இயந்திரத்தின் மேல் ஓடி ஓடி அங்கேயே நிற்கிற கூடம் உண்டு, வாசலில் பிளாஸ்டிக் புல் உண்டு. இத்தனை பெரிய மனிதர்களும் காலையில் போவது மட்டும் எல்லாரும் போவதுதான் என்கிற உண்மை பல நாள் காற்றில் மிதந்தது. வாட்ஸாப் குழுவில் ஒருவர்கூட அதன் பெயரை எழுதவில்லை. 'அந்தப் பிரச்சினை' என்றார்கள். மூக்கைப் பொத்திக்கொண்ட மஞ்சள் மூஞ்சிகளை வரிசையாக அனுப்பினார்கள். தங்கள் வயிற்றிலிருந்து போனதைப் பற்றி, எதிரி நாட்டுக்காரன் பார்சலில் அனுப்பிய மாதிரி பேசினார்கள். கடைசியில் செக்ரெட்டரி ஒரு தீர்வு கண்டுபிடித்தார்: லிஃப்டுக்கு ஒரு மல்லிகை டப்பா.

தொட்டி சுத்தமாகிவிட்டது. டப்பா இன்னும் துப்பிக்கொண்டிருக்கிறது. நடுவில் ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்து போனது. அதைச் சொல்லத்தான் எழுதுகிறேன். எழுதுவது உன் பிணம்.

அந்தப் பெயரை எனக்கு வைத்தவளே நீதான். தாபோடியில் நம் வீதி நாடகக் குழுவில் எனக்குக் கிடைத்த ஒரே வேஷம் அது. நான் கதாநாயகன் வேஷம் கேட்டு வந்தவன். அப்போது எனக்கு இடுப்பு இருந்தது, நெற்றிக்கு மேலே முடியும் இருந்தது. வசனத்தை ஒரு தடவை சொல்லச் சொன்னாய். சொன்னேன். ஒத்திகைக்கு வந்த மராட்டிப் பையன்கள் திரும்பி நின்று தோள் குலுங்கச் சிரித்தார்கள். பாளையங்கோட்டை மண்ணிலிருந்து என் தாத்தா கிளம்பி வந்து இரண்டு தலைமுறை ஆனாலும், என் நாக்கு மட்டும் ரயிலைத் தவறவிட்டு அங்கேயே நின்றுவிட்டது. நீ இடுப்பில் கைவைத்துக்கொண்டு தீர்ப்பு சொன்னாய்:

"ஏல, நீ வாயத் தொறந்தா மராட்டி செத்துரும். அதுக்கு நீயே செத்துரு."

செத்தேன். சாகும்போது ஒரே ஒரு வார்த்தை பேச அனுமதி தந்தாய். அந்த ஒரு வார்த்தைதான் பின்னால் நம்மை எங்கெங்கோ கொண்டுபோனது.

நாடகம் செல்வம் என்கிறவனைப் பற்றியது. உன் தெருவுக்கு அடுத்த தெருக்காரன், சர்ச் பாடகர் குழுவில் எல்லாரும் முடித்த பிறகு தனியாக 'ஆமென்' சொல்கிறவன். ஒரு புது அடுக்குமாடியின் மலக்குழிக்குள் கயிற்றைக் கட்டி இறக்கினார்கள். கயிறு மட்டும் மேலே வந்தது. அந்த வளாகத்தில் மறுநாள் தண்ணீர் சரியாக வடிந்ததாம். அதைச் சொல்லித்தான் நீ முதலில் காறித் துப்பினாய், பிறகு அழுதாய், பிறகு நாடகம் எழுத உட்கார்ந்தாய். அந்த வரிசை எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. உனக்கு எதுவுமே துப்பலில்தான் ஆரம்பிக்கும்.

நீ செல்வத்தின் தாய். நான் செல்வம், அதாவது பிணம். கட்கியிலிருந்து வந்த நம் நண்பன் ஒருவனுக்குக் கான்ட்ராக்டர் வேஷம்; அதுவே அவன் பெயராகவும் நின்றுவிட்டது. காலி எண்ணெய் டின்னைத் தட்டிக்கொண்டு தாபோடி லைன் வீடுகளுக்கு நடுவே வட்டம் போட்டோம். தமிழ், மராட்டி, இந்தி மூன்றும் கலந்த கூட்டம். கோழி, ஆடு, முறத்தோடு வந்து நின்ற பெண்கள். கான்ட்ராக்டர் அதட்ட, நான் இல்லாத குழிக்குள் இறங்கி, மூச்சு முட்டி, எனக்கு விதித்த அந்த ஒரு வார்த்தையைக் கத்தினேன்: "ஆயீ!"

வலி வந்தால் மராட்டிக்காரன் அப்படித்தான் கத்துவான். நமக்கு 'அம்மா' மாதிரி அவர்களுக்கு 'ஆயி'. ஆனால் கூட்டத்தில் பாதி தமிழ்க் குழந்தைகள். அவர்கள் வீட்டில் ஆயி என்றால் என்ன? காலையில் இடுப்பில் தூக்கிக்கொண்டு போய்ச் சந்தில் உட்காரவைக்கிற சமாச்சாரம். மலக்குழிக்குள் விழுந்தவன் 'ஆயீ' என்று கத்தினால் எந்தக் குழந்தை சிரிக்காது? வட்டமே குலுங்கியது. அம்மாக்கள் முந்தானைக்குள் சிரித்தார்கள். முறம் வைத்திருந்தவள் முறத்தால் முகத்தை மூடிக்கொண்டாள். செத்துக் கிடந்த எனக்கே வயிறு குலுங்கியது. நாடகம் அவ்வளவுதான், காலி என்று நினைத்தேன்.

நீ அழவேண்டிய இடம் அது. அழவில்லை. சிரிப்பு அடங்கும்வரை ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டு நின்றாய். பிறகு வசனத்தில் இல்லாத ஒன்றைக் கேட்டாய். மெதுவாக, பக்கத்து வீட்டில் உப்பு கேட்கிற குரலில்:

"சிரிச்சீயள்லா? சொல்லுங்க. எம்பிள்ள முங்கிச் செத்துருக்கானே, அது யாரோட ஆயி?"

தமிழருக்கு ஒன்று புரிந்தது. உடனே மராட்டியிலும் கேட்டாய், "கோணாச்சி ஆயி?" அவர்களுக்கு 'யாருடைய தாய்?' என்று புரிந்தது. இரண்டும் ஒரே கேள்வி என்பது கொஞ்ச நேரத்தில் எல்லாருக்கும் புரிந்தது. கோழிகூட நின்றுவிட்டது என்று நான் பின்னால் எல்லாரிடமும் கதை விட்டேன். கோழி நிற்கவில்லை. மனிதர்கள் நின்றார்கள்.

பதில் யார் தந்தது, நினைவிருக்கிறதா? பகலிலேயே ஏற்றிக்கொண்டு வந்து ஆட்டுக்குப் பக்கத்தில் நின்ற ஒரு மனிதன். "மேரா ஹை! மேரா!", என்னுதுதான் என்று நெஞ்சில் அடித்துக்கொண்டு ஒத்துக்கொண்டான். மறுபடி சிரிப்பு. நீ சிரிக்கவில்லை. அவனுக்கு ஒரு கும்பிடு போட்டுவிட்டு என் பக்கம் திரும்பினாய். "ஒரு ஆளாவது ஒத்துக்கிட்டான். ஏல பிணம், எந்திரி."

அன்றிலிருந்து அது சட்டமாயிற்று. கூட்டத்திலிருந்து பதில் வரும்வரை பிணம் எழக் கூடாது. சட்டம் போடுகிறவர்களுக்கு என்ன, படுக்கிறவனுக்குத்தானே தெரியும்? பிம்பிரியில் கட்டெறும்பு என் காதைக் குடும்ப வீடாக்கிக்கொண்டது. எரவாடாவில் ஒரு நாய் வந்து நிதானமாக என் முகத்தை நக்கி, ருசி பிடிக்காமல் போனது. ஒரு ஊரில் பதிலே வராமல் கூட்டம் கலைந்து, கடைக்காரர் ஷட்டரை இறக்கி, நான் மட்டும் நடுத்தெருவில் கிடக்க, நீ பக்கத்தில் உட்கார்ந்து வேர்க்கடலை தின்றுகொண்டிருந்தாய். "எனக்கும் ரெண்டு குடேன்" என்று உதடு அசையாமல் கேட்டேன். "செத்தவனுக்கு எதுக்குக் கடல?" என்றாய்.

எனக்கு அப்போதெல்லாம் ஒரே ஆற்றாமை, யாரும் கைதட்டுவதில்லையே என்று. கான்ட்ராக்டருக்கும் அதே குறை. கேள்வியைக் கேட்டுவிட்டு வட்டத்தைக் கலைத்துவிடுவாய். கைதட்ட இடமே தரமாட்டாய். ஒருநாள் நான் வாய்விட்டுக் கேட்டேன். சொன்னாய், "கைதட்டுனா கணக்குத் தீந்துரும்ல. குடுத்தது வாங்குனதுன்னு வீட்டுக்குப் போயிருவாவ. தீர விடாத."

"நாடகம் போட்டு எந்த ஊரில் என்ன மாறியது?" என்று கேட்டும் உன்னைச் சீண்டியிருக்கிறேன். அதற்கு நீ வாயால் பதில் சொன்னதில்லை. தாபோடிப் பெண்கள் சொன்னார்கள். பக்கத்து வளாகத்தில் மூடியைத் திறந்து ஆளை இறக்கப் போகிறார்கள் என்று தெரிந்ததும், முறத்தையும் பூண்டையும் எடுத்துக்கொண்டு போய் அந்த மூடியின் மேலேயே உட்கார்ந்து உரிக்க ஆரம்பித்துவிட்டார்கள். அதட்டல், மிரட்டல், கெஞ்சல் எல்லாம் பார்த்தார்கள். 'கோணாச்சி ஆயி?' என்று கேட்டுக்கொண்டே உரித்தார்கள். உறிஞ்சுகிற வண்டி வந்த பிறகுதான் எழுந்தார்கள். ஊர் முழுக்கப் பூண்டு வாசனை. எனக்குத் தெரிந்து நம் நாடகத்துக்குக் கிடைத்த ஒரே விமரிசனம் அதுதான்.

சரி, இப்போது ஞாயிற்றுக்கிழமைக்கு வருகிறேன். வாயைக் கொஞ்சம் பொத்திக்கொள்.

எங்கள் வளாகத்தில் கலை நிகழ்ச்சிகளைப் பார்த்துக்கொள்வது கார்த்தி. கோயம்புத்தூர்ப் பையன், ஹிஞ்சவாடியில் கம்ப்யூட்டர் வேலை, மரியாதை வாயிலிருந்து சொட்டும். வீட்டுக்கு வந்தான்.

"ஏனுங்ண்ணா, நீங்க அந்தக் காலத்துல வீதி நாடகமெல்லாம் பண்ணுனீங்களாமா? ஸ்டெல்லாக்கா எங்கூட்டுல சொன்னாங்களாட்டருக்குது."

ஸ்டெல்லா என் மனைவி. உன் நாடகத்தை முறம் பிடித்தவர்களுக்குப் பின்னால் நின்று பார்த்துவிட்டு, 'அந்தப் பிணம் யாரு, நல்லாச் செத்தான்' என்று விசாரித்தவள். என் வாழ்வில் எனக்குக் கிடைத்த ஒரே ரசிகை. கல்யாணம் செய்துகொண்டு அந்த ரசனையையும் நான் கெடுத்தேன்.

"பண்ணினோம் தம்பி" என்றேன், குரலில் ஒரு கனத்தை வரவழைத்துக்கொண்டு.

"அப்புடீன்னா ஞாயித்துக்கெழம ஒண்ணு போட்டுப்போடலாங்ண்ணா. டேங்க் க்ளீன் பண்ண ஆளுங்க வர்றாங்க. தூய்மை விழா மாதிரி வெச்சுக்கலாம். அவங்களுக்கு மரியாதை பண்ணலாம்."

"ஆளுங்களா? வண்டி வரலியா?"

"வண்டி உள்ள வந்தா புதுசாப் போட்ட டைல்ஸ் பூராம் நொறுங்கிப்போயிருமுங்ண்ணா. அப்பறம் வாசல்ல அந்த ஆர்ச் வேற இடிக்கும். ஆளுங்க கயித்தக் கட்டி எறங்கிப்போடுவாங்க. பழக்கந்தானாமா."

வளாகத்தில் இருக்கிற டைல்ஸுக்கு மூச்சு முட்டக் கூடாது என்பதில் எல்லாருக்கும் அக்கறை இருந்தது. சட்டப்படி ஆளை இறக்கக் கூடாது என்றேன். "பேசிக்கலாங்ண்ணா" என்றான் கார்த்தி. யாரும் பேசவில்லை. நான் சேர்மன் வீட்டுக்குப் போனேன். உட்காரவைத்து, காஜு கத்லி தந்து, 'அந்தப் பிரச்சினை'யைப் பற்றி என்னோடு சேர்ந்து வருத்தப்பட்டார். காஜு கத்லி நன்றாக இருந்தது. அதுதான் எனக்கு இன்னும் எரிச்சல்.

சரி, நாடகம் பேசட்டும் என்று நினைத்தேன். உன் நாடகத்தைத் தந்தேன். இயக்க ஆள் வேண்டும் என்று பாணேரிலிருந்து ஒருவரை வரவழைத்தார்கள். கம்பெனி ஊழியர்களுக்கு நாடகப் பயிற்சி கொடுத்து ஒற்றுமை வளர்க்கிற பெரிய மனிதராம். கார் கதவு திறந்தது. கறுப்பு ஜிப்பா, மரமணி மாலை, நரைத்த குடுமி. நம் கான்ட்ராக்டர்!

"டேய் பிணமே! மச்சி!" என்று கட்டிக்கொண்டான். விலை உயர்ந்த வாசனை அடித்தது. லிஃப்டுக்குள் நிற்கிற மாதிரி இருந்தது.

உன் சவ அடக்கத்துக்கு அவன் வரவில்லை. அன்றைக்கு ஏதோ சோப்புக் கம்பெனியில் ஒற்றுமை வளர்த்துக்கொண்டிருந்தானாம். போகட்டும். மூன்றாவது ஒத்திகையில் பார்க்கிறேன், நாடகத்தில் யாருமே சாகவில்லை. குழிக்குள் இறங்கப் போகிற தொழிலாளியை ஓர் இளம்பெண் தடுத்து, தலைக்கவசமும் முகமூடியும் மாட்டிவிடுகிறாள். அவன் கட்டைவிரலை உயர்த்துகிறான். எல்லாரும் கைகோத்துப் பாடுகிறார்கள். ஆயி இல்லை. எந்த ஆயியும் இல்லை.

"பிணம் எங்கடா?" என்றேன்.

"அதெல்லாம் ரொம்ப நெகட்டிவ் மச்சி. ஆடியன்ஸ டிஸ்டர்ப் பண்ணக் கூடாது, இன்ஸ்பையர் பண்ணணும்."

"கடைசிக் கேள்வி?"

அவன் கார்த்தியைப் பார்த்தான். கார்த்தி தரையைப் பார்த்தான். "அந்த வார்த்த வேண்டாம்னு கமிட்டில சொல்லிப்போட்டாங்கண்ணா. கொழந்தைங்க இருக்காங்கல்லங்க."

"மராட்டியில் அது தாய்டா தம்பி."

"கரெக்ட்டுதானுங்ண்ணா. ஆனா நம்ம தமிழ்க் குடும்பங்க நெறைய இருக்காங்க. அவிங்களுக்கு அது வேற மாதிரி ஆயிப்போகும்."

வயிற்றிலிருந்து வரலாமாம், வாயிலிருந்து வரக் கூடாதாம். நாற்பது வயதுக்கு மேல் மனிதனுக்கு எதுவும் அருவருக்காது என்று நான் நம்பிக்கொண்டிருந்தேன். எனக்கு அன்றைக்கு அந்தத் தொட்டி அருவருக்கவில்லை. மேலே நின்ற எங்களைத்தான் சகிக்கவில்லை. உன் கேள்வியைக் கழுவித் துடைத்து, பவுடர் போட்டு, பொட்டு வைத்து நிறுத்தியவன், அந்தக் கேள்வி பிறந்தபோது வட்டத்துக்குள்ளேயே நின்றவன். தெரியாதவன் செய்திருந்தால் சிரித்துவிட்டுப் போயிருப்பேன்.

ஞாயிறு காலை. தொட்டி மூடிக்குக் கொஞ்சம் தள்ளி, வெள்ளை உறை போட்ட நாற்காலிகள். நாடகம் நடந்தது. இளம்பெண் தலைக்கவசம் மாட்டினாள். கட்டைவிரல் உயர்ந்தது. கைதட்டல் என்றால் அப்படி ஒரு கைதட்டல். நம் ஆயுளில் சேர்த்துவைக்காத கைதட்டலையெல்லாம் ஒரே தவணையில் கொடுத்தார்கள். பிறகு சுத்தம் செய்ய வந்த இரண்டு பேரை மேடைக்குக் கூப்பிட்டு ஆளுக்கு ஒரு சால்வை, ஒரு தேங்காய். தேங்காயை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல் இருவரும் குழந்தையைத் தூக்குகிற மாதிரி நெஞ்சோடு வைத்துக்கொண்டார்கள். போட்டோ எடுத்தார்கள்.

செக்ரெட்டரி மைக்கைப் பிடித்து இந்தியில் அறிவித்தார்: இந்த வீரர்கள் இப்போது தங்கள் கடமையைத் தொடங்குவார்கள், மூடி திறந்தால் வாடை வரும் என்பதால், அனைவரும் கிளப்ஹவுஸுக்குப் போய் அவல் போஹாவும் ஜிலேபியும் சாப்பிடலாம்.

கூட்டம் எழுந்தது. கான்ட்ராக்டர் சாமான்களை அடுக்கிக்கொண்டிருந்தான். டின், மேளம், கறுப்புத் துணி. பிறகு அந்தத் தலைக்கவசம். அந்த முகமூடி. இரண்டையும் துடைத்துத் தன் பைக்குள் போட்டு ஜிப்பை இழுத்தான். அவை நாடகத்துக்கான பொருள்கள், பாணேருக்குத் திரும்பிப் போக வேண்டியவை. இந்தப் பக்கம் இருவரில் மூத்தவர் சால்வையை மடித்துப் பூந்தொட்டி மேல் வைத்து, பறக்காமலிருக்க அதன் மேல் தேங்காயை வைத்தார். சட்டையைக் கழற்றினார். இடுப்பில் கயிற்றைக் கட்டிக்கொண்டார். வேறு எதுவும் இல்லை.

ஜிப்பை இழுத்த சத்தம்தான் என்னை என்னவோ செய்தது. வீரம் என்று நினைத்துவிடாதே. மராட்டியில் எனக்குத் திட்டக்கூடத் தெரியாது. பேச வராத இடத்தில் படுத்துக்கொள்வது ஒன்றுதானே நீ எனக்குக் கற்றுத்தந்த தொழில்? முழங்கால் இரண்டும் 'மடக்' என்றன. போய் அந்த இரும்பு மூடியின் மேல் மல்லாந்து படுத்தேன். "ஆயீ!" என்று ஒரு சத்தம் போட்டேன். கண்ணை மூடிக்கொண்டேன்.

நடிப்பு பழகிய மாதிரி வந்துவிட்டது போலிருக்கிறது. "அங்கிளுக்கு அட்டாக்!" என்று யாரோ அலறினார்கள். போஹாத் தட்டோடு கூட்டம் திரும்பி ஓடிவந்தது. ஒருவர் விசிறினார், ஒருவர் வீடியோ எடுத்தார். 'பி' விங் பல் டாக்டர் என் மார்பின் மேல் ஏறி அமுக்க ஆரம்பித்தார். எதைப் பிடுங்கப் பார்த்தாரோ தெரியவில்லை. பிணம் கத்தக் கூடாது என்பதால் பல்லைக் கடித்துக்கொண்டேன். அப்போது ஸ்டெல்லாவின் குரல் கேட்டது.

"டாக்டர், எறங்குங்க. செத்துல்லாம் போவல. நடிக்காவ."

"நடிக்கிறாரா?"

"எங்கிட்டச் சொல்லாம சாவ மாட்டாவ. ஒரு சட்ட வாங்கக்கூட எங்கிட்டக் கேப்பாவ."

சிரித்தார்கள். பல் டாக்டர் இறங்கினார். ஸ்டெல்லா தட்டைத் தரையில் வைக்கிற சத்தம் கேட்டது. அவள் என் தலைமாட்டுக்கு வந்து நின்றாள். நீ நிற்கிற இடம். கண்ணைத் திறக்காமலே எனக்குத் தெரிந்தது. சிரிப்பு அடங்கும்வரை அவளும் காத்திருந்தாள். பிறகு உப்பு கேட்கிற அதே குரல்.

"இந்த மனுசர் இப்ப உள்ள எறங்கப் போறாரே. உள்ள கெடக்கது யாரோட ஆயி?" ஒரு மூச்சு விட்டு, "கோணாச்சி ஆயி?"

ஒரு குழந்தை 'களுக்' என்று சிரித்தது. யாரோ அதை உஷ்ஷென்று அடக்கினார்கள். பெரியவர்கள் தட்டைப் பார்த்தார்கள். யாரும் பதில் சொல்லவில்லை. தாபோடியில் ஒரு குடிகாரன் இருந்தான். எங்கள் வளாகத்தில் ஞாயிற்றுக்கிழமை காலையில் எல்லாரும் தெளிவாக இருந்தார்கள்.

சால்வைக்காரர் என் தோளைத் தொட்டார். "உட்டோ சாச்சா. தூஸ்ரீ ஜகா பீ ஜானா ஹை." எழுந்திரு, இன்னொரு இடத்துக்கும் போகவேண்டியிருக்கிறது என்கிறார். குரலில் நன்றியெல்லாம் இல்லை, எரிச்சல்தான் இருந்தது. நியாயம். தன் வேலைக்கு நடுவே ஒரு தொந்திக்காரன் படுத்துக்கொண்டு தன் சாவை முன்கூட்டியே நடித்துக் காட்டினால் யாருக்குத்தான் பிடிக்கும்?

கான்ட்ராக்டர் தூரத்திலிருந்து, "மச்சி, பாயிண்ட் புரிஞ்சிருச்சு, எந்திரி" என்றான். புரிந்ததாம். நான் எழவில்லை. வெயில் ஏறியது. மூடி சுட ஆரம்பித்தது. நாற்காலி உறைகளைக் கழற்றினார்கள். கொஞ்சம் கொஞ்சமாகக் காலடிச் சத்தங்கள் கிளப்ஹவுஸ் பக்கம் போயின. ஜிலேபி ஆறிவிடும் அல்லவா?

கடைசியில் யாரோ என் காதருகே குந்தினார்கள். மரியாதை வாசனை.

"அண்ணா."

நான் செத்துக் கிடந்தேன்.

"அண்ணா... எங்கூட்டுதும் இருக்குதுங்ண்ணா அதுல. எந்திரிங்க."

"சத்தமாச் சொல்லு" என்றேன். பிணம் பேசியது; உன் சட்டத்தை அந்த ஒரு தடவை மீறினேன்.

"கிளப்ஹவுஸ்லருந்து எல்லாரும் பாத்துட்டிருக்காங்கண்ணா. சத்தமாச் சொல்ல முடியாதுங்க." என் காதுக்கு இன்னும் கிட்டே குனிந்தான். "வண்டியக் கூப்புட்டுட்டனுங்ண்ணா. டைல்ஸுக்கு நானே பதில் சொல்லிக்கறன்."

ஆக, பதில் வந்தது. கிசுகிசுப்பில்தான் வந்தது, வந்தது வந்ததுதான். ஆனாலும் கோயம்புத்தூர் மரியாதையை முழுசாக நம்பாமல், வண்டியின் ஹாரன் கேட்கும்வரை கிடந்தேன். வண்டி வந்தது. ஆர்ச்சின் நெற்றியில் இருந்த சிமெண்டுத் தாமரையைப் பெயர்த்துக்கொண்டு, டைல்ஸையெல்லாம் அப்பளமாக நொறுக்கிக்கொண்டு உள்ளே நுழைந்தது. கார்த்தியும் ஸ்டெல்லாவும் ஆளுக்கு ஒரு கையைப் பிடித்து என்னைத் தூக்கினார்கள். சால்வைக்காரர் கயிற்றை அவிழ்த்துவிட்டு, மேலே நின்றபடியே குழாயை உள்ளே விட்டார். யாரும் கைதட்டவில்லை. உன் கணக்கில் வெற்றி.

வெற்றி என்று எழுதிவிட்டுப் பார்க்கிறேன், அதுவே கொஞ்சம் நாறுகிறது. மத்தியானமே அந்த இருவரும் அடுத்த வளாகத்துக்குப் போனார்கள். அங்கே மூடி மேல் யார் படுத்திருப்பார்கள்? எங்கள் வாட்ஸாப் குழுவில் நான் செத்துக் கிடக்கிற படத்தைப் போட்டு, 'நம் அங்கிளின் அற்புத நடிப்பு' என்று எழுதினார்கள். கண்ணீர் வரச் சிரிக்கிற மூஞ்சிகள், கும்பிடுகிற கைகள், கைதட்டுகிற கைகள். கைதட்டிவிட்டார்கள், பார்! கணக்கைத் தீர்த்துவிட்டார்கள். அதற்கு அடுத்த செய்தி உடைந்த டைல்ஸைப் பற்றி. அதில் ஒரு சிரிப்பும் இல்லை, அவ்வளவு துக்கம். கார்த்தியைக் கலைக் குழுவிலிருந்து எடுத்துவிட்டார்கள். லிஃப்டில் பார்த்தால், "விடுங்ண்ணா" என்கிறான். மேலே 'புஸ்' என்கிறது. இரண்டு பேரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு இறங்குகிறோம்.

அந்த இரும்பு மூடியில் கட்டம் கட்டமாகப் புடைப்பு இருக்கும், தெரியும்தானே? சூட்டில் அது அப்படியே என் முதுகில் பதிந்துவிட்டது. ஸ்டெல்லா தேங்காய் எண்ணெய் தடவுகிறாள். அந்தச் சால்வைக்காரர் பூந்தொட்டி மேலேயே விட்டுவிட்டுப் போன தேங்காயை உடைத்து அன்று சட்னி அரைத்தவளும் அவள்தான். "இன்னும் அழியலையே" என்கிறாள். "அழியாட்டிப் பரவாயில்ல" என்கிறேன். இத்தனை வருடத்தில் நடிப்புக்காக எனக்குக் கிடைத்த ஒரே பதக்கம். சட்டைக்குள் மாட்டிக்கொண்டு ஆபீஸ் போகிறேன், கழிப்பறைக்குப் போகிறேன். ஃப்ளஷை அழுத்தும்போது நீ மெதுவாக உப்பு கேட்கிறாய். என்னிடம் இருக்கிறது பதில்: என்னோடதுதான். தினமும் ஒருமுறை, கதவைச் சாத்திக்கொண்டு, தெளிவாக ஒத்துக்கொள்கிறேன்.

உன்னை அடக்கம் செய்த அன்று எல்லாரும் மண் போட்டுவிட்டுப் போன பிறகும் நான் கல்லறைத் தோட்டத்தில் நின்றேன். ஸ்டெல்லா துக்கம் என்று நினைத்துக்கொண்டாள். துக்கம் இல்லை. என் வேஷத்தை என்னிடம் கேட்காமல் நீ எடுத்துக்கொண்டாயே என்று கடுப்பு. கொஞ்சம் கூச்சத்தோடு சொல்கிறேன், சட்டம் தெரிந்தவன் என்பதால் காத்துக்கொண்டும் நின்றேன். எந்திரி என்று யாராவது சொல்வார்களா என்று.

நீ எழவில்லை. அப்படியென்றால் நாங்கள் இன்னும் பதில் சொல்லவில்லை.

அதுவரை படுத்திரு. இங்கே மேலே நான் கடலை வாங்கி வைத்திருக்கிறேன். உனக்குத் தரமாட்டேன்.